முதல் மூன்று வருஷத்தை எங்கே போடுவது? சுயாதீனப் படம், ஆவணப்படம், குறும்படம், நாடகம், சீரியல்: புது நடிகருக்கு ஓர் ஒப்பீடு

போன மாதம் ஒரே வாரத்தில் மூன்று பேர் என்னிடம் ஏறக்குறைய ஒரே கேள்வியோடு வந்தார்கள்.

முதல் ஆள், திண்டுக்கல் பக்கத்திலிருந்து வந்து சென்னை சாலிகிராமத்தில் நாலு பேரோடு அறை எடுத்துத் தங்கியிருக்கும் தம்பி. ஒரே நேரத்தில் இரண்டு அழைப்பு. ஒன்று, சுயாதீனப் படத்தில், அதாவது பெரிய நிறுவனம் எதுவும் இல்லாமல் சின்ன பட்ஜெட்டில் எடுக்கும் படத்தில், நாயகன் வேடம். 35 நாள் படப்பிடிப்பு, சம்பளம் "படம் வித்ததும் பாத்துக்கலாம்". இன்னொன்று, சீரியலில் நாயகியின் தம்பி. நாள் சம்பளம் உண்டு. "எதுக்குண்ணே போக?" என்றார்.

இரண்டாமவர் ஐ.டி. வேலையில் இருக்கும் பெண். சனி, ஞாயிறுகளில் நாடகம். ஓர் ஆவணப்படத்தில் பழைய சம்பவத்தை நடித்துக் காட்டும் காட்சிகளுக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். "இதெல்லாம் நடிப்புக் கணக்குல வருமாண்ணா?" என்பது அவருடைய சந்தேகம்.

மூன்றாமவருக்கு முப்பது தாண்டிவிட்டது. பத்துக் குறும்படம் நடித்திருக்கிறார். பதினொன்றாவதற்கும் கூப்பிட்டிருக்கிறார்கள். போக மனசில்லை, வேறு எங்கே போவது என்றும் தெரியவில்லை.

என்னைப் பற்றி ஒரு வரி. ஆறு வருஷம் நாடகம், இரண்டு சுயாதீனப் படம், அப்புறம் இப்போது நடிகர் தேர்வில் உதவி வேலை. ஆடிஷன் வரிசையில் நின்றவனும் நான்தான், வரிசையில் நிற்பவர்களின் பெயரை எழுதிக்கொள்கிறவனும் இன்று நான்தான். அதனால் கீழே இருப்பதில் என் சாய்வுகள் தெரியும். மறைக்கப் பார்க்கவில்லை.

## எதை வைத்து அளப்பது

"எந்த வழி சினிமாவில் கொண்டுபோய் விடும்?" என்றுதான் எல்லோரும் கேட்கிறார்கள். அந்தக் கேள்வியால் ஒன்றும் தேறாது. எல்லா வழியிலும் யாரோ ஒருவர் போய்ச் சேர்ந்திருக்கிறார். சென்னையின் கூத்துப்பட்டறை நாடகக் குழுவில் கணக்கு எழுதிக்கொண்டிருந்த விஜய் சேதுபதி சேர்ந்தார். செய்தி வாசித்து, சீரியல் நடித்த பிரியா பவானி சங்கர் 2017-இல் ‘மேயாத மான்’ வழியாகச் சேர்ந்தார். பல வருஷம் கூட்டத்தில் ஒருவராக நின்ற சூரி, 2009-இல் ‘வெண்ணிலா கபடி குழு’வில் பரோட்டா சாப்பிட்டு அடையாளம் பெற்று, 2023-இல் ‘விடுதலை’யில் நாயகனாகவே வந்து நின்றார். போய்ச் சேராதவர்களும் இதே வழிகளில்தான் நடந்தார்கள். அவர்கள் பெயர் நமக்குத் தெரியாது, அவ்வளவுதான்.

அதனால் நான் ஐந்து விஷயங்களைப் பார்க்கிறேன்.

காட்சி கையில் வருமா, எப்போது வரும்? அலுவலகத்தில் ஒரு வேடத்துக்கு ஆள் தேடும்போது நாங்கள் கேட்பது "என்னென்ன பண்ணியிருக்கீங்க?" என்றல்ல. "ரெண்டு நிமிஷம் நடிச்ச வீடியோ இருந்தா வாட்ஸ்அப்ல போடுங்க" என்றுதான். அது இருந்தால் இயக்குநரின் கைக்கு அன்றைக்கே போகும். இல்லையென்றால் போட்டோ மட்டும் போகும். போட்டோக்கள் ஆயிரம் கிடக்கின்றன.

பணம். என்ன வரும் என்பதோடு, கையிலிருந்து என்ன போகும் என்பதும்.

தொழில் கற்றுக்கொள்ள முடியுமா? திருத்த ஆள் இருக்கிறதா, ஒரே காரியத்தைத் திரும்பத் திரும்பச் செய்ய வாய்ப்பு இருக்கிறதா.

யார் கண்ணில் படுவீர்கள்? லட்சம் பேர் பார்ப்பது வேறு, அடுத்த படம் எடுக்கப்போகும் நாலு பேர் பார்ப்பது வேறு.

என்ன அடைபடும்? நாட்கள், தாடி, முடி, உடம்பு எடை, பார்த்துக்கொண்டிருக்கும் வேலை. யாரும் முதலில் சொல்லாத செலவு இதுதான்.

ஐந்தில் முதலாவதுக்கே நான் அதிக மதிப்பெண் கொடுப்பேன். ஏன் என்பது அடுத்த பகுதியில் தெரியும்.

## சுயாதீன முழுநீளப் படம்

முதலில் இனிப்பான பக்கம். வணிகப் படத்தில் புதுமுகத்துக்கு ஒரு நாள், இரண்டு வரி வசனம். இங்கே ஒன்றரை மணி நேரமும் உங்கள் முகம்தான். பி.எஸ். வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ 2021-இல் நெதர்லாந்தின் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் அதன் முதன்மை விருதான டைகர் விருது வாங்கியது. வெயிலில் நடந்து தீர்க்கும் அந்த அப்பனாக வந்த கருத்தடையானை அதுவரை எத்தனை பேருக்குத் தெரியும்? அருண் கார்த்திக்கின் ‘நசீர்’ 2020-இல் அதே விழாவுக்குப் போனது. அதில் கோவை ஜவுளிக்கடை ஊழியராக நடித்த குமரன் வளவனுக்கும் இதே கதைதான்.

ஆனால் இருவரையும் "திடீர் நாயகர்கள்" என்று நினைத்தால் ஏமாந்துபோவீர்கள். கருத்தடையான் நாடகக்காரர். குமரன் வளவன் புதுச்சேரியில் இந்தியநாஸ்ட்ரம் என்ற நாடகக் குழுவை நடத்துகிறவர். குரு சோமசுந்தரத்தைப் பாருங்கள். கூத்துப்பட்டறையில் கிட்டத்தட்டப் பத்து வருஷம் உழைத்த பிறகுதான் 2011-இல் ‘ஆரண்ய காண்டம்’, அதற்கும் ஐந்து வருஷம் கழித்து ‘ஜோக்கர்’, அதற்கும் ஐந்து வருஷம் கழித்து மலையாளத்தில் ‘மின்னல் முரளி’. சின்ன பட்ஜெட் இயக்குநர் இத்தகைய ஆட்களைத் தேடுவதற்குக் காரணம் இருக்கிறது. அவரால் முப்பது டேக் போக முடியாது. வெளிச்சம் போய்விடும், கேமரா வாடகை ஓடிக்கொண்டிருக்கும். மூன்றாவது டேக்கில் சரியாக நிற்கிற ஆள் வேண்டும்.

இனி காத்திருப்புக் கணக்கு. செழியனின் ‘டு லெட்’ முதலில் விழாவில் காட்டப்பட்டது 2017 நவம்பரில், கொல்கத்தாவில். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும் வாங்கியது. தியேட்டருக்கு வந்ததோ 2019 பிப்ரவரி 21. அதில் நாயகியாக நடித்த ஷீலா ராஜ்குமாரின் மலையாளப் படமான ‘கும்பளங்கி நைட்ஸ்’ அதே பிப்ரவரியில், இரண்டு வாரம் முன்பே வெளியாகிவிட்டது. அதாவது கேரளத்து ரசிகர்கள் தியேட்டரில் அவரைப் பார்த்துக் கொண்டாடிய பிறகுதான் நம் ஊர் தியேட்டருக்கு ‘டு லெட்’ வந்தது. ‘கூழாங்கல்’ ராட்டர்டாமில் ஜெயித்து, இந்தியாவின் ஆஸ்கர் நுழைவாகப் போய், நயன்தாரா, விக்னேஷ் சிவன் போன்றவர்கள் தயாரிப்பில் இருந்தும், பொதுமக்கள் பார்க்க சோனி லிவ்வில் வந்தது 2023 அக்டோபரில். இரண்டு வருஷம் எட்டு மாதம்!

அதே வினோத்ராஜின் அடுத்த படம் ‘கொட்டுக்காளி’ 2024 பிப்ரவரியில் பெர்லின் விழாவில் காட்டப்பட்டு, ஆகஸ்டிலேயே தியேட்டருக்கு வந்துவிட்டது. சூரி நடித்திருந்தார், சிவகார்த்திகேயன் தயாரித்திருந்தார். உங்களுக்கு வந்திருக்கும் சுயாதீனப் படத்தில் சூரி இருக்கிறாரா? இல்லையென்றால் ‘கூழாங்கல்’ கணக்கையே போடுங்கள். அதுவும் ஜெயித்த படத்தின் கணக்கு.

ஜெயிக்காத படத்தின் கணக்கு என்னிடம் இருக்கிறது. நான் நடித்த இரண்டில் ஒன்று இன்னும் ஒரு ஹார்டு டிஸ்க்கில் தூங்குகிறது. 28 நாள் படப்பிடிப்பு என்றார்கள். பணம் தீர்ந்து நடுவில் நின்றது. தாடியும் முடியும் மாறக்கூடாது என்பதால் ஐந்து மாதம் சவரக்கத்தி பக்கமே போகவில்லை. அந்தத் தாடியாலேயே இரண்டு விளம்பர வாய்ப்பு போயிற்று. மிச்சக் காட்சிகள் எடுத்து முடித்து எடிட்டிங் வரை வந்தார்கள். ஒலிக்கலவைக்கும் வண்ணத் திருத்தத்துக்கும் காசில்லை. "ரெண்டு நிமிஷம் குடுங்க சார், ஷோ ரீல் போட்டுக்கறேன்" என்று இயக்குநரிடம் கேட்டேன். ஷோ ரீல் என்பது வாய்ப்புக் கேட்க அனுப்பும் நடிப்புத் துண்டு. விழாவுக்குப் போகும் முன் காட்சி வெளியே கசிந்துவிடும் என்று பயந்தார். அவர் நல்ல மனிதர், இன்றைக்கும் பேசிக்கொள்கிறோம். ஆனால் என் வாழ்க்கையில் நான் நன்றாக நடித்த ஒரு காட்சி இருக்கிறது, அதை அம்மாவுக்குக்கூடக் காட்ட முடியவில்லை.

இதில் சட்டமும் தயாரிப்பாளர் பக்கம்தான். படத்தின் உரிமை அவருடையது. படத்தில் நடிக்க எழுத்தில் சம்மதித்துவிட்டால், அதை அவர் பயன்படுத்துவதை நடிகர் தடுக்க முடியாது. உங்கள் முகம் உள்ள துண்டை நீங்கள் போட்டுக்கொள்வதற்கும் கண்டிப்பாகப் பார்த்தால் அவர் அனுமதி வேண்டும். அதனால் அந்த அனுமதியைப் படப்பிடிப்புக்கு முன்பே ஒரு தாளில் வாங்குங்கள். "படப்பிடிப்பு முடிந்து ஆறு மாதத்துக்குள், என் காட்சிகளில் இரண்டு நிமிஷத்தை வாய்ப்புத் தேடத் தனிப்பட்ட முறையில் அனுப்பிக்கொள்ளலாம், இணையத்தில் போட மாட்டேன்." இவ்வளவு எழுதினால் போதும். நேர்மையான இயக்குநர் யாரும் இதற்குக் கையெழுத்து போட மறுத்து நான் பார்த்ததில்லை. முன்பே கேட்டால் தருவார்கள், பின்னால் கேட்டால் பயப்படுவார்கள்.

மற்ற மறைசெலவுகள்: டப்பிங் நாட்களுக்குப் பேட்டா இருக்காது. விடுபட்ட காட்சிகளை எடுக்க எப்போது வேண்டுமானாலும் கூப்பிடுவார்கள். விழா அழைப்பு பெரும்பாலும் இயக்குநருக்குத்தான் வரும், நீங்கள் திருவனந்தபுரம் விழாவுக்குப் போக வேண்டுமென்றால் உங்கள் காசில் ரயில்.

பெண்களுக்கு இன்னொன்று. பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் பாலியல் புகார்களுக்கு உள்ளகக் குழு இருக்க வேண்டும் என்கிறது 2013 சட்டம். நண்பர்கள் சேர்ந்து எடுக்கும் படங்களில் பலருக்கு இது நினைவிலேயே இருக்காது. பத்துக்குக் குறைந்த இடமென்றால் மாவட்ட அளவிலான குழுவுக்குப் போகலாம். மலையடிவாரத்தில் ஒரே வீட்டில் எல்லோரும் தங்கும் படப்பிடிப்பு என்றால், போகும் முன் தங்குமிடம், தனி அறை, கூட இன்னொரு பெண் குழுவில் இருக்கிறாரா என்பதை நேராகக் கேளுங்கள். கேட்டதற்காக வாய்ப்பு போனால், போகட்டும்.

எப்போது இது சரியான தேர்வு: பின்னால் கொஞ்சமாவது நாடகமோ பயிற்சியோ இருந்து, ஆறு மாதச் செலவுக்குக் கையில் பணம் இருந்து, இயக்குநர் இதற்கு முன் ஒரு குறும்படத்தையாவது *முடித்துக் காட்டியவராக* இருந்தால். "கதை எப்படி?" என்பதை விட "படப்பிடிப்புக்குப் பிந்தைய வேலைக்குப் பணம் ஒதுக்கியாச்சா?" என்பதே முக்கியமான கேள்வி.

## ஆவணப்படம்

"ஆவணப்படத்தில் நடிகருக்கு என்ன வேலை?" என்று கேட்பவர்கள் சரியாகத்தான் கேட்கிறார்கள். முதுமலை யானைகளைப் பற்றிய படம் 2023-இல் ஆஸ்கர் வாங்கியது. அதில் வந்த பொம்மனும் பெள்ளியும் நடிக்கவில்லை, அவர்கள் வாழ்க்கையை அவர்களே வாழ்ந்தார்கள். அந்த மாதிரிப் படத்தில் நடிகர் நுழைய இடமே கிடையாது, நுழையவும் கூடாது.

ஆனால் மூன்று பக்கவாசல் உண்டு.

முதலாவது, மறு உருவாக்கக் காட்சி, அதாவது நடந்த சம்பவத்தைத் திரும்ப நடித்துக் காட்டுவது. ஓ.டி.டி.யில் குற்றச் சம்பவங்களைப் பற்றிய தொடர்கள் பெருகியதிலிருந்து இந்த வேலை கிடைக்கிறது. பணம் குறைவென்றாலும் ஒழுங்காக வரும், இரண்டு மூன்று நாளில் முடியும், காகித வேலையெல்லாம் முறையாக இருக்கும். குறை என்னவென்றால் உங்கள் முகம் வராது. முதுகு, கை, மங்கலான உருவம், மழையில் ஓடும் கால்கள். வசனமும் இருக்காது. ஐ.டி. பெண்ணின் கேள்விக்கு என் பதில் இதுதான்: பழக்கத்துக்கு நல்லது, கணக்கில் வராது. ஒரு எச்சரிக்கையும் உண்டு. உண்மைச் சம்பவத்தில் குற்றவாளி வேடம் என்றால், அந்தப் பகுதி மக்கள் உங்களை எப்படி நினைவில் வைப்பார்கள் என்று ஒருமுறை யோசித்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது, குரல். ஆவணப்படத்துக்குப் பின்னணி பேசுவது. நடிகர் மணிகண்டன் மிமிக்ரி, ரேடியோ, டப்பிங் என்று குரலிலிருந்து தொடங்கி, வசனம் எழுதி, ‘ஜெய் பீம்’, ‘குட் நைட்’ வரை வந்தவர். குரலை வைத்துச் சாப்பிட்டுக்கொண்டே நடிக்கக் காத்திருப்பது மதிப்பான வழி. ஆனால் வணிகப் படங்களுக்கு டப்பிங் பேச வேண்டுமென்றால் சங்க அட்டை வேண்டும், அதற்குக் காசு ஆகும், முன்பே விசாரித்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது, ஆவணமும் புனைவும் கலந்த படம். தனுஷ்கோடி மீனவர்களை வைத்து லீனா மணிமேகலை எடுத்த ‘செங்கடல்’ இந்த வகை. அதைச் சேர்ந்து எழுதி, அதில் நடித்தவர் ஷோபாசக்தி. தொழில்முறை நடிகர் இல்லை, எழுத்தாளர். நாலு வருஷம் கழித்து, 2015-இல் கான் விழாவில் தங்கப்பனை வென்ற ‘தீபன்’ என்ற பிரெஞ்சுப் படத்தின் நாயகன் அவர்தான். இதைக் கேட்டுவிட்டு எல்லோரும் ஆவணப்படத்துக்கு ஓட வேண்டாம். அவர் போராளியாகவும் அகதியாகவும் வாழ்ந்ததை முகத்தில் கொண்டுவந்தவர். ‘செங்கடல்’ பட்ட பாடும் நினைவிருக்கட்டும். தணிக்கையில் முதலில் சான்றிதழ் மறுத்தார்கள், மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் போய்த்தான் வாங்க முடிந்தது. அந்தத் தீர்ப்பாயத்தையும் 2021-இல் கலைத்துவிட்டார்கள். இன்று மறுத்தால் உயர் நீதிமன்றம்தான் போக வேண்டும். சின்னத் தயாரிப்பாளருக்கு வக்கீல் செலவு என்பது இன்னொரு படத்தின் பட்ஜெட்.

சரி, நான் ஆவணப்படத்தை இந்தப் பட்டியலில் வைத்ததற்கு உண்மையான காரணம் இந்த மூன்றும் இல்லை. கேமராவுக்குப் *பின்னால்* வேலை கிடைத்தால் போங்கள் என்பேன். வேலையில்லாத ஒரு கோடையில், தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றிய ஒரு ஆவணப்படத்துக்குப் பேட்டிகளைக் கேட்டு எழுத்தாக்கும் வேலை பார்த்தேன். ஹெட்போனை மாட்டிக்கொண்டு, நிறுத்தி நிறுத்தி, சொல்லுக்குச் சொல். ஓர் அம்மா தன் மகன் செத்துப்போனதைச் சொல்லிக்கொண்டு வருகிறார். சரியாக அந்த இடத்தில் நிறுத்தி, கேமரா வைத்திருப்பவரைப் பார்த்து, "காப்பி குடிச்சீயளா?" என்று கேட்கிறார். நாலு விநாடி அமைதி. அப்புறம் விட்ட இடத்திலிருந்து தொடர்கிறார். அழவே இல்லை. அதுவரை நான் நடித்த துக்கக் காட்சி எல்லாவற்றிலும் மூச்சை இழுத்து, உதட்டைக் கடித்து, கண்ணீரை வரவழைத்திருந்தேன். அந்த நாலு விநாடியை எழுத்தாக்கும்போது அடைப்புக்குறிக்குள் "இடைவெளி" என்று போட்டேன். வேறு எப்படி எழுதுவது?

ஆவணப்படத்தை யார் பார்ப்பார்கள் என்றால், மிகச் சிலர். மதுரையில் 1998 முதல் ‘மறுபக்கம்’ என்ற அமைப்பு நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழா மாதிரியான இடங்களில் ஐம்பது பேர் உட்கார்ந்திருப்பார்கள். அதில் பத்துப் பேராவது படம் எடுக்கிறவர்கள். இந்த விகிதம் எந்த மல்டிபிளெக்ஸிலும் கிடைக்காது.

எப்போது சரியான தேர்வு: வேறு வருமானம் இருந்து, மனிதர்களைக் கவனிக்கப் பொறுமை இருந்தால். முகம் தெரிய வேண்டும் என்ற அவசரத்தில் இருப்பவர்களுக்கு இது ஒத்துவராது.

## குறும்படம், யூடியூப்

காட்சி கையில் வரும் வேகத்தில் இதை எதுவும் அடிக்க முடியாது. சனிக்கிழமை எடுத்து அடுத்த மாதம் இணைப்பு வந்துவிடும். கலைஞர் தொலைக்காட்சியின் ‘நாளைய இயக்குநர்’ என்ற குறும்படப் போட்டி நிகழ்ச்சிக் காலத்தில் கார்த்திக் சுப்புராஜ், நலன் குமரசாமி, பாலாஜி மோகன் எல்லோரும் குறும்படத்தோடுதான் வந்தார்கள். அவர்களோடு பாபி சிம்ஹா மாதிரியான நடிகர்களும் வந்தார்கள். 2014-இல் ‘ஜிகர்தண்டா’வுக்கு அவருக்குச் சிறந்த துணை நடிகர் தேசிய விருது. கோவையிலிருந்து ‘நக்கலைட்ஸ்’ குழு யூடியூபில் வளர்ந்து, 2025 ஜனவரியில் ‘குடும்பஸ்தன்’ வரை ஒரு கூட்டமாகவே வந்து சேர்ந்தது.

இதில் கவனிக்க வேண்டியது "ஒரு கூட்டமாக" என்பதை. குறும்படத்தில் வேடத்தைத் தேர்ந்தெடுக்காதீர்கள், இயக்குநரைத் தேர்ந்தெடுங்கள். இரண்டாவது படம் எடுக்கிற இயக்குநரோடு சின்ன வேடம், முதல் படத்தோடு காணாமல் போகிறவரின் நாயகன் வேடத்தை விட மேல்.

பொறி எங்கே என்றால், எண்ணிக்கையில். பத்துக் குறும்பட நண்பரிடம் அவருடைய இணைப்புகளை அனுப்பச் சொல்லிப் பார்த்தேன். ஏழில் நாயகனின் நண்பன், இரண்டில் காதல் தோல்வியில் மாடியில் நின்று சிகரெட் பிடிக்கிறார். ஒன்றில் மட்டும், ஒன்றரை நிமிஷம், டீக்கடையில் கடன் கேட்கிறார். அது ஒன்றுதான் நடிப்பு. மற்ற ஒன்பதும் இணையத்தில் இருப்பது அவருக்கு நஷ்டம், ஏனென்றால் பெயரைத் தேடினால் முதலில் வருவது மாடி சிகரெட்டுகள்தான்.

## நாடகம்

மேடை காசு தராது, காட்சியும் தராது. மூன்று மாத ஒத்திகை, இரண்டு நாள் காட்சி, முடிந்ததும் இட்லி, கலைந்துபோவோம். மேடையில் பதிவு செய்த வீடியோவை நடிகர் தேர்வுக்கு அனுப்பவே அனுப்பாதீர்கள். கடைசி வரிசைக்கு எட்டப் பேசிய குரல் போனில் கேட்டால் கத்துவது போல் இருக்கும்.

இருந்தும் சொல்கிறேன், தொழில் கற்க இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது. ஒரே காட்சியை அறுபது தடவை செய்கிற வாய்ப்பு வேறு எங்கும் கிடையாது. ந. முத்துசாமி 1977-இல் தொடங்கிய கூத்துப்பட்டறையிலிருந்து பசுபதி, கலைராணி, விதார்த், விமல் என்று எத்தனை பேர். ஆரோவில் பக்கம் ஆதிசக்தி நாடகக் குழு நடத்தும் பட்டறைக்குப் போய்வந்தவர்கள் மூச்சையும் முதுகெலும்பையும் பற்றிப் பேசுவதைக் கேட்டால் முதலில் சிரிப்பு வரும், அவர்கள் நடப்பதைப் பார்த்தால் நின்றுவிடும். மறைசெலவு ஒன்றுதான்: கேமரா முன்னால் வந்ததும் பாதியைக் குறைக்கத் தெரிய வேண்டும். எனக்கு அதற்கு ஒரு வருஷம் பிடித்தது.

## சீரியலும், வணிகப் படத்தில் சிறு வேடமும்

சீரியலில் பணம் வரும், மாதத்துக்குப் பத்துப் பதினைந்து நாள் வேலை, சில வாரங்களில் முகம் ஒளிபரப்பாகிவிடும். வசனத்தைப் பார்த்தவுடன் பேசும் வேகம், லைட் எங்கே என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லும் பழக்கம், இரண்டும் ஒட்டிக்கொள்ளும். அதே வேகத்தில் புருவம் தூக்கும் பழக்கமும் ஒட்டிக்கொள்ளும். "சீரியல் முகம்" என்று ஒதுக்குகிறவர்கள் எங்கள் அலுவலகங்களிலும் இருக்கிறார்கள். ஆனால் வாணி போஜன் சீரியலிலிருந்துதான் வந்தார். ‘டு லெட்’ ஷீலா ராஜ்குமாரே ஜீ தமிழ் சீரியலில் நாயகியாக நடித்தவர்தான். ஒதுக்குகிறவர்களுக்கு ஞாபகம் குறைவு.

கூட்டத்தில் நிற்கும் வேலையைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. அன்றைய செலவுக்கு ஆகும், படப்பிடிப்பு எப்படி நடக்கிறது என்று பார்க்கலாம். டைட்டிலில் பெயர் வராத அளவு சிறிய வேலை என்றால் பதிப்புரிமைச் சட்டமே உங்களைப் பெரும்பாலும் ‘நிகழ்த்துக் கலைஞர்’ கணக்கில் சேர்ப்பதில்லை. ஆறு மாதம் போதும்.

## ஒரே பார்வையில்

| வழி | காட்சி கையில் வர | பணம் | தொழில் கற்க | யார் பார்ப்பார்கள் | அடைபடுவது |
|---|---|---|---|---|---|
| சுயாதீனப் படம் | ஒன்று முதல் மூன்று வருஷம், சில சமயம் வராது | பெரும்பாலும் பின்னால், அல்லது இல்லை | இயக்குநரைப் பொறுத்து | விழாக்காரர்கள், இயக்குநர்கள் | தாடி, வேலை, ஆறு மாதம் |
| ஆவணப்படம் | முகம் வருவது அரிது | குறைவு, ஆனால் வரும் | கவனிக்க மிக நல்லது | மிகச் சிலர், சரியான சிலர் | சில நாட்கள் |
| குறும்படம், யூடியூப் | ஒரு மாதம் | இல்லை | சுமார் | யார் வேண்டுமானாலும் | வார இறுதிகள், இணையத்தில் உள்ள பெயர் |
| நாடகம் | வராது | இல்லை | முதல் இடம் | நூறு பேர், அதில் சில நடிகர் தேர்வாளர்கள் | மாலைகள் |
| சீரியல் | சில வாரம் | ஒழுங்காக | வேகம் மட்டும் | வீடுகள் | தோற்றம், மாதத்தில் பாதி |
| கூட்டத்தில் ஒருவர் | வராது | அன்றாடம் | பார்த்துக் கற்கலாம் | யாரும் இல்லை | முழு நாள் |

## மூன்று பேருக்கும் சொன்னது

ஐ.டி. பெண்ணுக்கு எளிது. வேலையை விடாதீர்கள், நாடகத்தையும் விடாதீர்கள். மறு உருவாக்கக் காட்சி இரண்டு நாள்தான், லீவு போட்டுப் போய்வாருங்கள், ஒளிப்பதிவாளரோடு பேசிவிட்டு வாருங்கள். வருஷத்தில் ஒரே ஒரு குறும்படம், நன்றாகத் தேர்ந்தெடுத்தது. வேலை கையில் இருப்பதால் "வேண்டாம்" என்று சொல்ல முடிகிறதே, அது பெரிய பலம். சாலிகிராமத்து அறைகளில் யாருக்கும் அது கிடையாது.

பத்துக் குறும்பட நண்பரை பதினொன்றாவதற்குப் போக வேண்டாம் என்றேன். டீக்கடைக் காட்சியை மட்டும் தனியாக வெட்டி எடுத்து, வேறு எதையும் சேர்க்காமல் அனுப்பச் சொன்னேன். ஒரு வருஷம் ஏதாவதொரு நாடகக் குழுவில் சேரவும் சொன்னேன். முப்பது வயதுக்கு மேல் மாணவனாக உட்காருவது கூச்சமாக இருக்கும். குரு சோமசுந்தரத்தின் வருஷங்களைச் சொன்னேன். "அவரு லெவலு வேறண்ணா" என்றார். அந்த லெவல் எங்கிருந்து வந்தது என்று நான் கேட்க, சிரித்துவிட்டார்.

திண்டுக்கல் தம்பிதான் சிக்கல். கையில் நாடகம் இல்லை, கல்லூரியில் இரண்டு வீதி நாடகம் போட்டதோடு சரி. அறை வாடகை இரண்டு மாதம் பாக்கி. இந்த நிலைமையில் நான் சீரியலைத்தான் சொன்னேன்: ஆறு மாதம் நடி, பாக்கியை அடை, காட்சியை வெட்டி வை, அப்புறம் சுயாதீனப் படம் எங்கும் ஓடிப்போகாது.

அவர் கேட்கவில்லை. "முழுப் படமும் என் மேல வைக்கிறேன்னு ஒருத்தரு சொல்றாருண்ணே. சீரியல்ல அக்கா அழும்போது பின்னாடி நிக்கணும்" என்றார். அதற்கு மேல் என்ன சொல்ல? இயக்குநரிடம் மூன்று கேள்வி மட்டும் கேட்டுவிட்டு முடிவு செய் என்றேன். எடிட்டிங், ஒலி வேலைக்குப் பணம் இருக்கிறதா? முன்னால் எடுத்து முடித்த படம் ஒன்றைக் காட்ட முடியுமா? இரண்டு நிமிஷக் காட்சிக்கு எழுதித் தருவீர்களா?

இரண்டு நாள் கழித்து போன் செய்தார். குறும்படம் ஒன்று காட்டினாராம், நன்றாக இருந்ததாம். காட்சிக்கு அங்கேயே ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து போட்டுக் கொடுத்துவிட்டாராம், "இதெல்லாம் யாருப்பா உனக்குச் சொல்லிக் குடுத்தது?" என்று கேட்டுக்கொண்டே. ஒலி வேலைக்கான பணத்தைப் பற்றி மட்டும் "அது வரும்" என்றாராம்.

தாடி வளர்த்துக்கொண்டிருக்கிறார்.